ஏணி சரியில்லை

"ஏணி சரியில்லை. யாரும் இறங்க வேண்டாம். திரும்பிடலாம்."

கீழிருந்து ஏறி வந்து பாறை விளிம்புக்கு மேலே தலையை நீட்டிய கைடு பெண் இப்படிச் சொன்னதும், மேலே நின்றவர்களுக்குச் சப்பென்று போய்விட்டது.

போகாதா பின்னே? விடிந்ததிலிருந்து வேனில் குலுங்கி, முள்ளில் சட்டையைக் கிழித்துக்கொண்டு நடந்ததெல்லாம் இந்த இரும்பு ஏணியில் இறங்கி, கடல் குடைந்த குகையைப் பார்க்கத்தானே?

அவளோடு இறங்கியிருந்தது ஒரே ஒரு ஆள். புதுமாப்பிள்ளை. "வழியை விடுங்க, நான் பார்க்காத மலையா?" என்று எல்லாரையும் ஒதுக்கிவிட்டு இறங்கியவன், அவளுக்கு முன்னாலேயே ஏறி வந்து ஒரு கல்லில் உட்கார்ந்திருந்தான். முகம் வெளிறியிருந்தது.

கோபம் போல, என்று நினைத்தாள் அவன் மனைவி. அவன் கோபத்தை அவள் இன்னும் முழுசாகப் பார்த்ததில்லை. பார்க்காமலே இருந்தால் நல்லது என்று தண்ணீர் பாட்டிலை மட்டும் நீட்டினாள்.

உர்ரென்று திரும்பி நடந்தார்கள். கீழே அலை பாறையில் அறைகிற சத்தம் மட்டும். வளைவில், கூட வந்த தொப்பிக்காரர் ஒருவர் சட்டென்று நின்றார்.

"அடேயப்பா! அங்க பாருங்க!"

வேறொரு குழு அதே ஏணியில் சாவகாசமாக இறங்கிக்கொண்டிருந்தது. அதில் ஒருவர் கைத்தடியை முதுகில் செருகிக்கொண்டு இறங்கினார்.

"ஏம்மா, எங்களைப் பார்த்தா உனக்கு இளிச்சவாயனுங்க மாதிரி இருக்கா?" தொப்பிக்காரர் எகிறினார்.

"என் கண்ணுக்குச் சரியாப் படலை சார்."

அதுவரை வாயே திறக்காத புதுமாப்பிள்ளைக்கு அப்போதுதான் உயிர் வந்தது.

"நான் அப்பவே பார்த்தேன், ஏணி கல்லு மாதிரி நிக்குது! இவளுக்குச் சோம்பேறித்தனம். சீக்கிரம் வீட்டுக்குப் போகணும், அதான். முதலாளிகிட்ட நான் பேசறேன். இவளைச் சும்மா விடக்கூடாது."

"விடுங்களேன்," என்றாள் மனைவி மெதுவாக.

"நீ சும்மா இரு. உனக்கு ஒண்ணும் தெரியாது."

கைடு திரும்பி அவனை ஒரு பார்வை பார்த்தாள். மறுபடி நடந்தாள்.

ஆபீஸ் வாசலில் வேன் நின்றதும் அவன் உள்ளே பாய்ந்தான். மற்றவர்களும் பின்னாலேயே. மனைவி முகம் கழுவப் பின்பக்கம் போனாள்.

குழாயடியில் கைடு. சட்டைக் கையை மேலே ஏற்றிவிட்டு மணிக்கட்டைக் கழுவிக்கொண்டிருந்தாள். தோல் உரிந்து, ரத்தம் கன்றி, வரிசையாக நகக்குறிகள்.

"ஐயோ! என்னக்கா இது?"

"ஒண்ணுமில்லம்மா." சட்டைக் கையை அவசரமாக இறக்கினாள்.

"உங்களோட இறங்கினது அவர் மட்டும்தானே?"

கைடு குழாயை இன்னும் கொஞ்சம் திறந்துவிட்டாள்.

"அக்கா, சொல்லுங்க."

"கீழே பார்த்துட்டார்மா. நடு ஏணியில கை பூட்டிக்கிச்சு. கண்ணுல தண்ணி. ஒவ்வொரு விரலாப் பிரிச்சு மேலே ஏத்தினேன்." குழாயை மூடினாள். "இப்படி யாராவது பயந்துட்டா, ஏணி சரியில்லைன்னு சொல்லிடுவோம். கைடுங்க எல்லாருக்கும் அது வழக்கம். மனுஷனுக்குத்தானே மானம் போகும், ஏணிக்கு என்ன?"

"இதை முதலாளிகிட்ட சொல்ல வேண்டியதுதானே?"

"யார்கிட்டயும் சொல்லாதீங்கன்னு கெஞ்சினார். சரின்னுட்டேன். பயந்தவங்க பொதுவா வாயைப் பொத்திக்கிட்டு வேன்ல உட்கார்ந்துருவாங்க. உங்க வீட்டுக்காரர் மாதிரி ஒருத்தரை இன்னைக்குத்தான் பார்க்கறேன்."

"ஏய், உள்ள வா!" முதலாளியின் குரல் சுவரைத் தாண்டி வந்தது.

மேசையைச் சுற்றி எல்லாரும் நின்றார்கள். முதலாளி கொதித்துப்போயிருந்தார்.

"காலையில நானே ஏறி இறங்கிப் பார்த்த ஏணி! ஏன் பொய் சொன்ன? காரணத்தைச் சொல்லு. இல்லைன்னா அட்டையைக் கழற்றி வெச்சிட்டுக் கிளம்பு. இனிமே இந்தப் பக்கம் வராதே."

கைடு கழுத்தில் தொங்கிய அடையாள அட்டையின் கயிற்றில் கை வைத்தாள்.

புதுமாப்பிள்ளை ஜன்னல் பக்கம் திரும்பி நின்றான். அவன் ஒரு வார்த்தை சொன்னால் போதும். மனைவி அவனையே பார்த்தாள். ஜன்னலுக்கு வெளியே என்னதான் இருந்ததோ, அவன் கண்ணை எடுக்கவில்லை.

கயிறு கைடின் தலையைத் தாண்டி வந்துவிட்டது. அட்டை மேசையில் விழுந்தது.

"அக்கா மேல தப்பில்லை!"

எல்லாரும் திரும்பினார்கள். மனைவி மேசையருகே வந்தாள்.

"நான்தான்... விளிம்புல நின்னு கீழே பார்த்ததும் நடுங்கிட்டேன். அக்கா மேலே வந்தப்ப, எனக்கு வேண்டாம், யார்கிட்டயும் சொல்லாதீங்கன்னு கண்ணாலயே கெஞ்சினேன். எனக்காகத்தான் பொய் சொன்னாங்க."

கைடு ஏதோ சொல்ல வந்தாள். மனைவி அவள் கையைப் பிடித்து அழுத்தினாள், நகக்குறி இல்லாத கையை.

தொப்பிக்காரர் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார். முதலாளி பெருமூச்சு விட்டார். "இதை வந்ததுமே சொல்லித் தொலைச்சிருக்கலாமே?" என்று முனகிக்கொண்டே அட்டையைக் கைடு பக்கம் தள்ளினார்.

புதுமாப்பிள்ளை ஜன்னலை விட்டு மெல்லத் திரும்பினான். மனைவியைப் பார்த்தான். அவள் காத்திருந்தாள்.

"இவ்வளவு பயந்தாங்கொள்ளின்னா வீட்லயே இருந்திருக்கணும்," என்றான், எல்லாருக்கும் கேட்கும்படி. "உன்னால பாரு, எத்தனை பேருக்கு நாள் வீணாப் போச்சு!"