மகன் பெயரில் மீற்றர்

"கரண்ட் மீற்றர் மகன்ட பேர்ல கிடக்கு, தம்பி. அவன் வந்துதான் கையெழுத்து வைக்கோணும்."

கேட்கும்போதெல்லாம் கட்டடச் சொந்தக்காரர் செபஸ்தியாம்பிள்ளை இதையே சொன்னார். அவருடைய கடையை வாடகைக்கு எடுத்து மட்டக்களப்பு நகரில் பேக்கரி நடத்தும் றமீஸுக்குப் பொறுமை போய்விட்டது. பாண் சுட வாங்கிய புதிய மின்சார அடுப்புக்கு, அந்தப் போறணைக்கு, இருக்கும் கரண்ட் காணாது; கூட்டிக் கேட்க மீற்றர்காரரின் கையெழுத்து வேண்டும். இணைப்பைத் தன் பெயருக்கு மாற்றித் தரும்படி வழக்குப் போட்டான்.

"மகன் வெளிநாட்டில் என்றால் அங்கிருந்தே சம்மதக் கடிதம் அனுப்பலாமே?" என்று றமீஸின் சட்டத்தரணி வாதாடினார்.

"எந்த நாட்டில் இருக்கிறார்?" என்று நீதிபதி கேட்டார்.

செபஸ்தியாம்பிள்ளை கூண்டை இறுக்கிப் பிடித்தார்.

"சண்டைக் காலத்தில வீட்ட வந்து பிடிச்சிட்டுப் போனாங்க, ஐயா. இன்னும் விடல்ல. பேர் மாத்த மின்சார சபையில மரணச் சான்றிதழ் கேக்கிறாங்க. என்ட புள்ள செத்துட்டானெண்டு நான் எப்பிடிக் கையெழுத்து வைப்பன்?"

றமீஸ் அன்றே வழக்கை வாபஸ் வாங்கினான். ஏறாவூரில் வேறு கடை பார்த்துக்கொண்டு, சாவியைத் திருப்பிக் கொடுக்கப் போனான்.

"கரண்ட வெட்டச் சொல்லிட்டியா, தம்பி?" கிழவர் பதறினார்.

"இல்ல ஐயா. அண்ணன் வாற நேரம் கடை இருட்டாக் கிடக்கப்படாதே."

நீதிமன்றத்தில் அழாத கிழவர், அப்போது வாய்விட்டு அழுதார்.