வெந்நீர்க் காட்சி

சாலிகிராமத்தில் சினிமாவுக்குக் கொலைக் கதை எழுதிப் பிழைப்பவர்கள், எழுதியதை முதலில் காவல் நிலையத்துக்கு அனுப்பியாக வேண்டும். அங்கிருக்கும் இயந்திரம் படித்துப் பார்த்து, அந்தக் கொலை நிஜத்திலும் நடக்கும் என்று கண்டால் மட்டும் ஆள் அனுப்பும். போலீஸ் வராத கதையைத் தயாரிப்பாளர்கள் தொடுவதில்லை. குலசேகரனின் பதினோரு கதைகளுக்கு ஒரு ஈ, காக்காய்கூட எட்டிப் பார்த்ததில்லை. அந்த அவமானம் எதிர் ஃபிளாட் வரைக்கும் தெரியும்.

ஆகவே, பன்னிரண்டாவது கதைக்காக எஸ்.ஐ. ஜெசிந்தா வாசலில் வந்து நின்றபோது அவருக்குத் தலைகால் புரியவில்லை.

"பாத்ரூம் ஹீட்டர் கொலைதானே மேடம்? நடக்குமா?"

"கண்டிப்பா நடக்கும் சார். சாகப்போற ஆளுக்குக் காவல் போட வந்திருக்கேன்."

"ஐயோ, சாகறவளுக்கு நான் வச்சது என் சம்சாரம் பேரு! எழுதறப்ப வாயில வந்த பேரைப் போடுவோம், அப்புறம் மாத்திடுவோம். எங்க தொழில்ல அதான் வழக்கம்."

"மாத்தியாச்சே சார். இதுல உங்க பேருதான் இருக்கு."

குலசேகரன் வீட்டுக்குள் திரும்பிப் பார்த்தார். அவர் கையால் எழுதுவதைத் தட்டச்சு செய்து அனுப்புவது மனைவி சித்ரகலாதான்.

"கதையில நாலு இடத்துல ஓட்டை இருந்துச்சுங்க, அடைச்சேன்," என்று உள்ளேயிருந்து அவள் குரல் வந்தது. "பேரையும் மாத்தினேன். அப்பதான் நம்புற மாதிரி இருந்துச்சு. சரி, வெந்நீர் காஞ்சிடுச்சு, குளிக்க வாங்க."

ஜெசிந்தா அவரைப் பார்த்தார். அவரோ குளியலறைக் கதவைப் பார்த்தார்.

கதை அன்றைக்கே விலைபோய்விட்டது. குலசேகரன் குளித்து இன்றோடு ஆறு நாள். லிஃப்டில் அவரோடு ஜெசிந்தா மட்டும்தான் ஏறுகிறார், அதுவும் மூக்கைப் பொத்திக்கொண்டு.