பாய்லருக்கு ஒரு கதை

“கொலை ஏதாவது இருக்கா? இருந்தா சீக்கிரம் சொல்லுப்பா!” என்று அலறினார் சலவைக்கூடத்து முதலாளியம்மா. மணி பத்து. பாய்லரின் முள் சிவப்புக் கோட்டை நோக்கி இறங்கிக்கொண்டிருந்தது.

“துழாவிப் பார்த்துட்டேம்மா, ஒண்ணும் தட்டுப்படலை,” என்றான் பாய்லர்காரன். “கொலை, திருட்டு, பேய், எல்லாம் உள்ள போயிடுச்சு போல.”

அந்த பாய்லர் விறகு தின்னாது, எண்ணெய் குடிக்காது. அதன் மூடியைத் திறந்து வைத்து ஒரு கதை சொன்னால் குப்பென்று பற்றிக்கொள்ளும். சொன்ன வாய்க்கும் கேட்ட காதுக்கும் அந்தக் கதை அதோடு சரி. சாம்பல்கூட மிஞ்சாது.

பொய்க் கதை என்றால் காகிதம் மாதிரி ஒரு நிமிஷம். உண்மைக் கதைதான் நின்று எரியும். முதலாளியம்மா தன் கல்யாணக் கதையை என்றைக்கோ போட்டுவிட்டார். இப்போது ஆல்பத்தைப் புரட்டித்தான் பக்கத்தில் நிற்பவர் புருஷன் என்று ஊர்ஜிதம் செய்துகொள்கிறார்.

பதினோரு மணிக்குள் ஆஸ்பத்திரிக்கு நாற்பது விரிப்பு போயாக வேண்டும். பாய்லர் அணைந்தால் மறுபடி சூடேற மூன்று நாள் ஆகும். அவ்வளவு நாள் எந்த ஆஸ்பத்திரி காத்திருக்கும்?

துணி அலசும் அக்கா ஓடி வந்து படபடவென்று ஒரு கதை சொன்னார். தீ எழுந்தது, அரை நிமிஷத்தில் படுத்துவிட்டது.

“நான் இப்ப என்ன சொன்னேன்?” என்றார் அக்கா.

“தெரியலை. ஆனா பொய்,” என்றார் முதலாளியம்மா.

பாய்லர்காரனிடம் ஒரே ஒரு உண்மைக் கதை பாக்கி இருந்தது. அது எதிர் மேசையில் இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தது.

அவளுக்குச் சின்ன வயதிலிருந்தே காது கேட்காது. உதட்டைப் பார்த்தே பேச்சைப் பிடித்து, வாயாலேயே பதிலும் சொல்லிவிடுவாள். பாய்லர் பக்கம் நின்று கதை சொன்னால் அவள் முகம் நேராகத் தெரியும், அந்த வேலையில் அவனுக்கு இருந்த ஒரே சுகம் அதுதான். அவள் தலைக்குப் பின்னால் சுவரில் சாக்பீஸால் ஆறு கோடு போட்டிருந்தது. என்ன கணக்கு என்று ஒருநாள் கேட்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டே இருந்தான்.

அந்த ஒருநாளும் இனி இல்லை. இன்றோடு வேலையை விடுகிறாள். மத்தியான பஸ்ஸில் வேறு ஊருக்கு அழைத்துப் போக அவள் அண்ணன் பெட்டியோடு வாசலில் வந்து உட்கார்ந்தாயிற்று. சாப்பாட்டு நேரத்தில் அவளை வெளியே கூப்பிட்டு, பாய்லருக்கு எட்டாத தூரத்தில் நின்று, மனசில் இருப்பதைச் சொல்லிவிடுவது என்று அவன் ராத்திரியெல்லாம் ஒத்திகை பார்த்திருந்தான்.

முள் சிவப்பைத் தொட்டது.

“தம்பி, எட்டுப் பேர் பொழப்புப்பா,” என்றார் முதலாளியம்மா. அவர் குரல் உடைந்துவிட்டது.

பாய்லர்காரனுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. வெள்ளைச் சட்டையில் இருந்த ஒற்றைப் பச்சை பட்டனை ஒரு தடவை தடவினான். பிறகு மூடியைத் திறந்தான்.

“இங்க இஸ்திரி போடறவங்களைப் பத்தித்தான். என் கை வெந்தப்ப ஒரு வார்த்தை பேசாம ஈரத் துணி சுத்தி விட்டாங்க. சட்டையில பட்டன் இல்லைன்னு பார்த்து, கைக்குக் கிடைச்ச பச்சை பட்டனைத் தைச்சுக் கொடுத்தாங்க. அன்னைக்கிலிருந்து எனக்குச் சோறு இறங்கலை. கட்டிக்கிட்டா இவங்களைத்தான் கட்டிக்கணும். இல்லைன்னா எனக்குக் கல்யாணமே வேண்டாம்!”

குபீரென்று எழுந்தது தீ. குழாய்களெல்லாம் தடதடவென்று ஆடின, முள் ஒரே தாவலில் மேலே போனது. எதற்கென்று தெரியாமலே எல்லோரும் கை தட்டினார்கள். பதினோரு மணிக்கு ஐந்து நிமிஷம் இருக்கும்போது விரிப்பு வண்டி கிளம்பிவிட்டது.

பாய்லர்காரன் முகத்தைத் துடைத்துக்கொண்டான். மனசு காலியாக, லேசாக இருந்தது. “எவன்டா வெள்ளைச் சட்டையில பச்சை பட்டன் தைச்சது!” என்று முணுமுணுத்தான்.

எதிர் மேசைக்காரி இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள். சாக்பீஸை எடுத்து ஏழாவதாக ஒரு கோடு போட்டாள்.

“அது என்னங்க கணக்கு?” என்றான் அவன், உதடு தெரியும்படி அவள் முன்னால் வந்து நின்று.

“நீங்க என்னைக் கட்டிக்கணும்னு சொன்ன கணக்கு. இதோட ஏழு.”

“நானா! எப்போ? யார்கிட்ட?”

“பாய்லர்கிட்டதான். கேட்டவங்க எல்லாரும் மறந்துட்டாங்க. நான் எங்க கேட்டேன்? பார்த்தேன்.” அவள் கண் கலங்கியிருந்தது, ஆனால் சிரித்தாள். “ஒவ்வொரு தடவையும் காரணம் மட்டும் வேற வேற. ஒரு தடவையாவது என்கிட்ட வந்து சொல்வீங்கன்னு வருஷம் பூரா காத்திருந்து, அலுத்துப் போய்த்தான் ஊருக்குக் கிளம்பினேன். இனிமே உங்களை நம்பிப் பிரயோஜனம் இல்லை.”

வாசல் பக்கம் திரும்பிக் குரல் கொடுத்தாள். “அண்ணா, பெட்டியை வீட்டுக்கே எடுத்துட்டுப் போண்ணா! நான் ஊருக்கு வரலை. எனக்கு இவரைக் கட்டிக்கச் சம்மதம்.”

பாய்லர்காரனுக்குத் தூக்கிவாரிப் போட்டது. “இருங்க, இருங்க! எனக்கு அப்படி ஒண்ணும் தோணவே இல்லையேங்க!”

அவள் அடுத்த விரிப்பை எடுத்து உதறி மேசைமேல் விரித்தாள்.

“தோணும். எப்பவும் பத்து நாள்ல தோணிடும்.”