லீக் நின்னா கார் உங்களுக்கு

"லீக்கை மட்டும் நிறுத்திடுங்க தம்பி. அப்புறம் வேற யாரு வந்து கேட்டாலும் குடுக்க மாட்டேன். காரு உங்களுக்குத்தான்!"

சந்திரகலா இப்படிச் சொன்னதும் கோபிநாத்துக்குப் பாதி வேலை முடிந்துவிட்ட மாதிரி இருந்தது. சட்டையைக் கழற்றிக் கேட்டில் மாட்டிவிட்டு, வெள்ளைக் காரின் பானெட்டைத் தூக்கினான்.

முதலியார்பேட்டைத் தெருவில் 'விற்பனைக்கு' என்ற அட்டையோடு நின்ற இந்த டீசல் காரை அவன் பார்த்தது புதன்கிழமை. அன்றிலிருந்து தூக்கமில்லை. வீட்டில் இருப்பது ஒரே ஸ்கூட்டர். அதில் அவன், மனைவி பூர்ணிமா, இரட்டைப் பெண் குழந்தைகள். போன மாதம் சிக்னலில் மடக்கிய போலீஸ்காரர், "இது என்ன ஸ்கூட்டரா, டவுன் பஸ்ஸா?" என்று கேட்டதில் நாலு பேருக்கும் மானம் போயிற்று.

காரில் ஒரே குறை, டீசல் பம்ப்பின் மேல்மூடி ஓரத்தில் கசிவு. கோபிநாத் அதே ஊரில், மேட்டுப்பாளையம் தொழிற்பேட்டையில் ஒரு கம்பெனியில் ஃபிட்டர். பார்த்ததுமே மூடிக்கடியில் கசியாமல் அடைக்கும் கேஸ்கெட்தான் போயிருக்கிறது என்று தெரிந்துவிட்டது. நாலு கடை ஏறி இறங்கிப் புதுசு வாங்கி, ஞாயிற்றுக்கிழமை எட்டு மணிக்கே வந்துவிட்டான்.

முதல் போல்ட்டைக் கழற்றும்போது போன் அடித்தது. பூர்ணிமா.

"ஏங்க, இன்னும் வாங்காத காருக்கு நீங்க எதுக்கு ரிப்பேரு பாக்கறீங்க?"

"லீக்கு இருக்கறதாலதான்டி இன்னும் யாரும் வாங்கல. வேற எவனாச்சும் வர்றதுக்குள்ள முடிச்சிடறேன், வை போனை."

மூடியைத் தூக்கினால், பழைய கேஸ்கெட் அப்பளமாகக் காய்ந்து ஒட்டிக்கொண்டிருந்தது. தூள் உள்ளே விழாமல் பம்ப் வாயில் துணியை அடைத்துவிட்டு, பொறுமையாகச் சுரண்டினான். சந்திரகலா செல்போன் டார்ச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஐம்பத்தைந்து வயதிருக்கும். கொஞ்சமும் அலுத்துக்கொள்ளவில்லை.

"டயரெல்லாம் புதுசா இருக்கேக்கா?"

"லாஸ்பேட்டைலேர்ந்து ஒரு தம்பி வந்து போட்டுக் குடுத்தாரு. தங்கமான மனுஷன்."

"பேட்டரியும் புதுசு போல?"

"அது வில்லியனூர் சாரு. அவரும் தங்கம்."

இந்த அம்மாவுக்கு எவ்வளவு நல்ல சொந்தக்காரர்கள் என்று நினைத்துக்கொண்டான் கோபிநாத். அவன் காரை ஓட்டப்போகும் நாளில் நாலு டயருக்கும் பேட்டரிக்கும் செலவே கிடையாது!

புது கேஸ்கெட்டை உட்கார வைத்து, போல்ட்டுகளை எதிரெதிராகக் கொஞ்சம் கொஞ்சமாக முறுக்கினான். சந்திரகலா சாவியைப் போட்டாள். கர்... கர்... கர்... வண்டி எடுக்கவில்லை.

"என்ன தம்பி, நல்லா ஓடிட்டிருந்த வண்டி!" அவள் முகம் சுருங்கிவிட்டது.

கோபிநாத் மறுபடி பானெட்டுக்குள் குனிந்தான். கார் போனால் போகிறது, இருந்த வண்டியையும் கெடுத்தவன் என்று பேர் வந்துவிடுமே! பிறகுதான் புத்தியில் உறைத்தது. பம்ப்பைத் திறந்ததில் காற்று புகுந்திருக்கும். ஃபில்டர் மேலிருந்த, காற்றை வெளியேற்றும் பிரைமரை உள்ளங்கை சிவக்கச் சிவக்க அமுக்கினான். டீசல் குழாயில் நுரை வந்தது, நுரை குறைந்தது, டீசல் மட்டும் வந்தது.

"இப்பப் போடுங்கக்கா!"

ஒரு இருமல். ஒரு பொட்டலம் கரும்புகை. கார் உயிர் பெற்றது!

அடியில் செய்தித்தாளை விரித்து, பத்து நிமிஷம் வண்டியை ஓடவிட்டு, இரண்டு பேரும் குந்தி உட்கார்ந்து பார்த்தார்கள். ஒரு சொட்டு இல்லை. சந்திரகலா சின்னப் பிள்ளை மாதிரி கைதட்டினாள்.

கையைக் கழுவச் சொல்லி, தலைவாழை இலை போட்டு, வஞ்சிர மீன் குழம்பும் வறுவலும் பரிமாறினாள். வேண்டாம் என்றாலும் விடவில்லை. சாப்பிட்டு எழுந்ததும் கோபிநாத் மெல்ல ஆரம்பித்தான்.

"அட்வான்ஸு குடுத்துடட்டுமாக்கா?"

"அட, என்ன தம்பி அவசரம்! ஆர்சி புக்கு சென்னைல பையங்கிட்ட இருக்கு. அவன் வரட்டும். நானே போன் பண்றேன். பணத்தைப் பத்திரமா வீட்ல வைங்க."

பணத்துக்குப் பறக்காத மனுஷி! கோபிநாத் நெகிழ்ந்துபோய்க் கும்பிட்டுவிட்டுக் கிளம்பினான். தெருமுனையில் ஸ்கூட்டரை ஓரம் கட்டிப் பூர்ணிமாவைக் கூப்பிட்டான்.

"பொண்ணுங்ககிட்ட சொல்லிடு. அடுத்த வாரம் நாம காருல பீச்சுக்குப் போறோம். நீ முன்சீட்டு!"

போனைச் சட்டைப்பையில் போட்டபோது, ஒரு பைக் பக்கத்தில் வந்து நின்றது. வேர்க்க விறுவிறுக்க ஓர் இளைஞன். பின்சீட்டில் கயிறு போட்டுக் கட்டிய சின்ன நீலச் சிலிண்டர்.

"சார், சந்திரகலாம்மா வீடு எது சார்?"

"நேரா போங்க, பச்சை கேட்டு. என்ன விஷயமா?"

"அவங்க காரை நான்தான் சார் வாங்கறேன்" என்றான் அவன் பெருமையாக. "ஏ.சி.யை மட்டும் சரி பண்ணிட்டா போதும்னுட்டாங்க!"