பக்கத்து வீட்டுக் காது

"தினமும் பதினொண்ணு பத்துக்கு வர்றான். பதினொண்ணு நாப்பதுக்குப் போறான். வீட்டுச் சாவி வேற அவன்கிட்டயே இருக்கு!"

சொன்ன வேகத்தில் பிளாஸ்டிக் நாற்காலியின் நுனிக்கே வந்துவிட்டார் பக்கத்து வீட்டம்மா.

கார் நிறுத்துமிடத்தில் குடியிருப்போர் சங்கக் கூட்டம். பேச்செல்லாம் மூன்றாவது மாடியில் தனியாக இருக்கும் பெண்ணைப் பற்றித்தான். வீட்டிலிருந்தபடியே புத்தகங்களுக்குப் பிழை திருத்துகிறவள்.

"யார் அவன்?" என்றார் செயலாளர்.

"பார்சல் கொண்டு வர்றவன் சார். மூணு வாரம் முன்னாடி, பட்டப்பகல்ல, அவளைத் தூக்கிட்டு லிஃப்டுக்குள்ள போனான். கதவு ஓட்டை வழியா என் ரெண்டு கண்ணால பார்த்தேன். அவன் முதுகுதான் தெரிஞ்சது. அது போதாதா?"

"ஆமா சார்" என்றார் அவளுக்கு நேர் கீழ் வீட்டில் இருக்கும் ரிட்டயர்டு வாத்தியார். "அதுக்கப்புறம் மேல காலடிச் சத்தமே இல்லை. பகலெல்லாம் படுத்தே கிடக்கிறா போல. குடும்பம் குட்டியோட இருக்கிற இடம் சார் இது!"

வீட்டைக் காலி பண்ணச் சொல்வதென்று முடிவாயிற்று. ஆறு பேர் மேலே போய் மணியடித்தார்கள்.

கதவு திறக்க வெகு நேரமாயிற்று. வலது கால் முழுக்க மாவுக்கட்டோடு, ஊன்றுகோலைப் பிடித்தபடி அவள் நின்றாள்.

செயலாளர் தொண்டையைச் செருமினார். "தினமும் ஒரு ஆள் வந்து போறதா..."

"அந்த ஆள் இல்லைன்னா நான் செத்திருப்பேன் சார்!" அவளுக்கு மூச்சிரைத்தது. "பாத்ரூம்ல வழுக்கி விழுந்துட்டேன். காலை ஏழு மணியிலேர்ந்து தொண்டை கிழியக் கத்தினேன். பக்கெட்டால சுவத்துல இடிச்சேன். மத்தியானம் பார்சல் கொடுக்க வந்தவர் காதுலதான் விழுந்தது. வராந்தா ஜன்னல் வழியா உள்ள வந்து, ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டு ஓடினார். இன்னிக்கு வரைக்கும் அவர் சம்சாரம் சமைச்சுக் கொடுத்தனுப்பறதைத்தான் சாப்பிடறேன்."

வாத்தியார் தன் செருப்பையே பார்த்துக்கொண்டிருந்தார். செயலாளர் கையிலிருந்த, வீட்டைக் காலி பண்ணச் சொல்லும் காகிதத்தை மடித்துச் சட்டைப் பைக்குள் திணித்தார்.

அவள் பக்கத்து வீட்டம்மாவிடம் திரும்பினாள்.

"அக்கா, நமக்கு நடுவுல ஒரே ஒரு சுவர். நிஜமாவே உங்களுக்குக் கேக்கலையா?"

"கேக்காம என்னம்மா? நல்லாவே கேட்டுச்சு" என்றார் பக்கத்து வீட்டம்மா. "ஆனா, அடுத்தவங்க வீட்டு விஷயத்துல மூக்கை நுழைக்கிறது எனக்குப் பிடிக்காதே!"