ஃபுல் ஸ்க்ரீன்

"டேய் நோயல், அதைச் சின்னதாக்குடா! கோதண்டராமன் ரூமை விட்டு வெளியே வர்றார்."

உத்தமன் பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னான். நோயல் காதிலேயே போட்டுக்கொள்ளவில்லை. மானிட்டர் முழுக்க ஒரு சிவப்புக் கார் பறந்துகொண்டிருந்தது.

நல்லவேளை, மேனேஜர் கோதண்டராமன் வேறு பக்கம் திரும்பிவிட்டார்.

"சின்ன விண்டோல வெச்சு ஆடினா என்னடா? பின்னாடி எக்ஸெலைத் திறந்து வெச்சுக்க. யாராவது வந்தா டக்னு மறைச்சுடலாம். நான் சீட்டு ஆடலையா? எவனாவது கண்டுபிடிச்சானா?"

"போடா, ரேஸ்னா ஃபுல் ஸ்க்ரீன்லதான் ஆடணும். இதுக்காகவே நேத்து மெனக்கெட்டு டிஸ்ப்ளே டிரைவர் சாஃப்ட்வேரையே மாத்திப் போட்டேன்."

"ஃபுல் ஸ்க்ரீன்ல ஆடறப்ப அவசரமா மறைக்கப் போனா சில சமயம் மெஷினே அப்படியே நின்னுடும்டா. மாட்டிக்கிட்டா தப்பிக்கவே முடியாது. இப்ப நிலைமை என்னன்னு தெரியும்ல?"

நிலைமை மோசம்தான். 2001. அமெரிக்காவில் கம்பெனிகள் வரிசையாகப் படுத்துக்கொள்ள, எம்.ஜி. ரோட்டுக்குப் பின்னால் இருந்த இந்தச் சின்ன சாஃப்ட்வேர் கம்பெனியும் ஆட்டம் கண்டிருந்தது. செக்‌ஷனுக்கு ஒருத்தரை வீட்டுக்கு அனுப்பப் போகிறார்கள் என்று பேச்சு. சிஸ்டம் சப்போர்ட்டில் இருந்ததே உத்தமனும் நோயலும்தான்.

இருவருக்கும் வீடு லிங்கராஜபுரத்தில். உத்தமனின் பைக்கில்தான் சேர்ந்து வருவார்கள், போவார்கள். நோயல் தனிக்கட்டை. உத்தமனின் மனைவி லாவண்யாவுக்கு ஏழு மாசம்.

வேலையில் நோயல்தான் கெட்டிக்காரன். சர்வர் மக்கர் பண்ணினால் அவனைத்தான் தேடுவார்கள். அது தெரிந்ததால்தான் உத்தமனுக்குக் கொஞ்ச நாளாகச் சோறு இறங்கவில்லை.

அந்தக் கெட்டிக்காரன் இப்போது பட்டப்பகலில் கார் ஓட்டிக்கொண்டிருக்கிறான்!

அக்கவுண்ட்ஸ் ஷில்பா வந்து நின்றாள். "நோயல், பிரிண்டர் ஒர்க் ஆகலை."

"அப்புறம் பார்க்கலாம் மேடம்." அவன் திரும்பக்கூட இல்லை.

"ஏன் ஜனானப்பா!" - என்ன மனுஷங்களோ என்று கன்னடத்தில் முணுமுணுத்துக்கொண்டே போனாள் ஷில்பா.

உத்தமனுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. 'திமிர். அனுப்பினா என்னைத்தான் அனுப்புவாங்கங்கிற திமிர். அதான் இப்படித் திரை முழுக்க விரிச்சு வெச்சு ஆடறான்.'

மறுநாளும் அதே சிவப்புக் கார். உத்தமன் எழுந்து நேராக மேனேஜர் ரூமுக்குப் போனான்.

"சார், சர்வர் ரூம்ல ஏசி சரியா இல்ல. ஒரு நிமிஷம் வந்து பார்க்கறீங்களா?"

சர்வர் ரூமுக்குக் குறுக்கு வழி இருந்தது. உத்தமன் அவரை நோயலின் டேபிள் வழியாகச் சுற்றி அழைத்துப் போனான்.

கோதண்டராமன் அப்படியே நின்றுவிட்டார்.

நோயல் தலையைத் தூக்கினான். உத்தமனைப் பார்த்தான். பிறகு மேனேஜரைப் பார்த்தான்.

"ஒரே ஒரு ரவுண்டுதான் பாக்கி சார்" என்றான்.

அந்த வெள்ளிக்கிழமையே நோயலைக் கூப்பிட்டுக் கணக்கு முடித்துவிட்டார்கள்.

பையைத் தோளில் மாட்டிக்கொண்டு கிளம்பியவனை உத்தமன் வாசல்வரை வழியனுப்பினான். "நான் அன்னிக்கே சொன்னேனேடா, சின்னதா வெச்சுக்கோன்னு."

"ஆமாடா, சொன்னே."

"இரு, பைக்ல கொண்டுபோய் விடறேன்."

"வேணாம். பஸ்ல போய்க்கறேன்."

பைக்கை எடுத்தபோது கொஞ்சம் உறுத்தத்தான் செய்தது. உத்தமன் தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டான். 'நான் என்ன இல்லாததையா சொன்னேன்? இருந்ததைக் காட்டினேன். அவ்வளவுதானே?' காக்ஸ் டவுன் தாண்டுவதற்குள் மனசு லேசாகிவிட்டது. வழியில் நிறுத்தி, லாவண்யாவுக்குப் பிடித்த மைசூர் பாகு வாங்கிக்கொண்டான்.

"லாவண்யா, என் வேலை தப்பிச்சுது! நோயலை அனுப்பிட்டாங்க."

அவள் சிரிக்கவில்லை. மெல்ல நாற்காலியில் உட்கார்ந்தாள். கண் கலங்கியது.

"நோயல் அண்ணன் சொன்ன மாதிரியே செஞ்சுட்டாரா?"

"என்ன சொன்னான்?"

"போன ஞாயித்துக்கிழமை நீங்க கடைக்குப் போயிருந்தப்ப வந்தாருங்க. அனுப்பறதா முடிவு பண்ணினது உங்களைத்தானாம். 'அவன் வீட்டுல மாசமா இருக்கு, அவனுக்குப் பதிலா நான் போறேன் சார்'னு மேனேஜர்கிட்டக் கேட்டிருக்கார். அதுக்கு மேனேஜர், 'நல்லா வேலை செய்யறவனை எதுக்கு விடணும்? நீயா ராஜினாமா குடுத்தாலும் உத்தமன் போறது போறதுதான்'னு சொல்லிட்டாராம்."

உத்தமன் கையில் இருந்த பொட்டலத்தை எங்கே வைப்பதென்று தெரியாமல் நின்றான்.

"'அப்ப நான் வேலை செய்யாதவனா ஆகிடறேன் தங்கச்சி. கேமைத் திரை முழுக்கப் போட்டுட்டு உட்கார்ந்துடறேன்'னு சிரிச்சார். முடியறவரைக்கும் உங்ககிட்ட மூச்சு விடக் கூடாதுன்னு சத்தியம் வாங்கிக்கிட்டார்."

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"'அது மேனேஜர் கண்ணுல படணுமேண்ணா'ன்னு கேட்டேன். 'அந்தக் கவலை உனக்கு வேணாம். அவரைக் கூட்டிட்டு வந்து காட்ட அங்க ஒரு ஆள் இருக்கான்'னார். யாருங்க அந்த ஆள்? அந்தப் புண்ணியவானையும் ஒரு நாள் வீட்டுக்குக் கூப்பிட்டுச் சாப்பாடு போடணுங்க."