எழுதாத விளக்கம்

“நான் விளக்கமே இன்னும் குடுக்கலைம்மா. அதுக்குள்ள என் விளக்கம் ஏற்கத்தக்கதல்லன்னு எழுதி வேலையை விட்டே தூக்கிட்டாங்க. இது என்ன நியாயம்?” என்றார் அரசுத் துறை இயக்குநர்.

‘முன்னாள்’ என்ற சொல் இன்னும் அவர் வாயில் ஏறவில்லை. வக்கீலம்மாவின் மேஜையில் அழைப்புமணி இருக்கிறதா என்று அவர் கை தானாகத் துழாவியது. இல்லை. கூப்பிட்டால் வருவதற்கும் ஆளில்லை. பக்கத்து நாற்காலியில் மனைவி மட்டும் இருந்தாள்.

போடாத ரோட்டுக்கு வந்த பில்லில் அவர் கையெழுத்து இருந்தது. குவிகிற காகிதத்தை எல்லாம் படித்துக்கொண்டிருந்தால் கையெழுத்து எப்போது போடுவது என்பது அவர் கட்சி. ஓய்வு பெறுகிற நேரத்தில் வேலையும் போச்சு, பென்ஷனும் போச்சு.

“வாயைத் திறக்கறதுக்கு முன்னாடியே தீர்ப்பு சொல்லிட்டா எப்படி இருக்கும்னு இப்பத் தெரியுதா?” என்றாள் மனைவி. “எனக்கு வீட்ல தினமும் இதான்.”

வக்கீலம்மா சிரிப்பை விழுங்கிக்கொண்டார். கவலை வேண்டாம், இதே மாதிரி வழக்கில் பழைய தீர்ப்பு ஒன்று இருக்கிறது, அதைக் காட்டினாலே போதும் என்றார்.

அந்த வழக்கைப் போட்டவள் ஒரு அரசு அலுவலகத் தட்டச்சர். பிரிவுத் தலைவர் தன் வீட்டுக் காகிதங்களை ஆபீஸ் நேரத்தில் அடித்துத் தரச் சொல்லியிருக்கிறார். முடியாது என்றாள். கீழ்ப்படியாமை என்று குற்றச்சாட்டு வந்தது. அவள் விளக்கம் எழுத உட்காருவதற்குள், ‘விளக்கம் ஏற்கத்தக்கதல்ல’ என்று மேலிடத்து வேலைநீக்க உத்தரவும் வந்துவிட்டது.

மன்னிப்பு எழுதிக் கொடு, சேர்த்துக்கொள்கிறோம் என்று தூது விட்டார்களாம். செய்யாத தப்பை ஒப்புக்கொண்டால் அதுதான் தான் செய்கிற முதல் தப்பு என்றாளாம். வக்கீல் வைக்க வசதியில்லை, தானே வாதாடினாள். வருஷக்கணக்காக, கோர்ட் வராந்தா பெஞ்சில் அக்கம்பக்கத்தாரின் துணிகளைத் தைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். பெயரைக் கூப்பிட்டதும் ஊசியைத் துணியில் குத்திவிட்டு உள்ளே போவாள். உத்தரவு போட்டவரோ கோர்ட் பக்கம் எட்டியும் பார்க்கவில்லை. பதவி உயர்வில் வேறு ஊருக்குப் போய்விட்டார்.

“கடைசி நாள்ல அந்தம்மா ஒரே ஒரு கேள்விதான் கேட்டாங்க,” என்றார் வக்கீலம்மா. “‘ஐயா, நான் எழுதாத விளக்கம் நல்லாயில்லைன்னு இவங்களுக்கு எப்படித் தெரிஞ்சுது?’ அரசாங்க வக்கீலே சிரிச்சுட்டார். உத்தரவு ரத்தாச்சு.”

தனக்குக் கீழே வேலை பார்த்த யாருக்காகவும் எழுந்து நின்றறியாத இயக்குநர், முகம் தெரியாத ஒரு தட்டச்சருக்காக எழுந்து நின்றார்.

“என்ன நெஞ்சுரம்மா அது! அன்னிக்கு அவங்க மன்னிப்பு எழுதிக் குடுத்துட்டுப் போயிருந்தா, இன்னிக்கு எனக்கு வழியே இல்ல. அவங்களை நேர்ல பார்த்து ஒரு கும்பிடு போடணும்.”

மரியாதை பொங்கி வந்த வேகத்தில் கோபமும் வந்தது. “ஆமா, அந்த உத்தரவு போட்டவன் எவன்? வராத விளக்கத்தைப் படிச்சுட்டேன்னு கையெழுத்துப் போட்டிருக்கானே, அவனெல்லாம் ஒரு அதிகாரியா? அவனைத்தான் முதல்ல டிஸ்மிஸ் பண்ணியிருக்கணும்.”

கல்யாணம் ஆன நாளிலிருந்து முதல்முறையாக, அவர் சொன்னதற்கு மனைவி தலையாட்டினாள்.

வக்கீலம்மா கண்ணாடியைக் கழற்றி நிதானமாகத் துடைத்தார்.

“கோர்ட்ல நான் அந்தத் தீர்ப்பை வாசிக்கறப்போ அவர் பேரும் வரும். அங்க எல்லார் முன்னாடியும் திடுக்கிடறதுக்குப் பதிலா, இங்கயே சொல்லிடறேன். அந்தக் கையெழுத்து உங்களுதுதான் சார்.”